ரீல் நான்கில் இல்லாத அட்டை

1. கதிரையில் இருந்த முதல் நாள்

நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்தவன். இங்கிலீஷ் பேசினால் பாதி விளங்கும். எழுத்தில் பார்த்தால் அதிலும் பாதிதான் விளங்கும். இப்படிப்பட்ட ஒருவன் சிட்னியில் படவிழாக்களுக்குச் சப்டைட்டில் போட்டான் என்றால் ஒருவரும் நம்புவதில்லை. அதனால் அந்த வேலை என்னவென்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

பேசாத காலத்துப் படங்களில் ஆட்கள் வாயை அசைப்பார்கள், சத்தம் வராது. பிறகு ஒரு கறுப்பு அட்டை வரும். அவர் சொன்னது அதில் எழுத்தாக நிற்கும். ஜப்பானியப் படமென்றால் ஜப்பானிய எழுத்து. பார்க்க வருகிறவர்களுக்கு அது விளங்காது. ஆகவே திரைக்குக் கீழே நீளமான வெள்ளைப் பலகை ஒன்றைக் கட்டி, சின்ன புரொஜெக்டரால் அதில் இங்கிலீஷ் வரியை விழுத்துவோம். வரிகளெல்லாம் லப்டொப்பில் வரிசையாக இருக்கும். திரையில் அட்டை வந்ததும் ஒருவர் ஸ்பேஸ் பாரை ஒரு தரம் அமுக்க வேண்டும். அடுத்த அட்டைக்கு அடுத்த அமுக்கு. ஒன்று தவறினால் அதற்குப் பிறகு எல்லாம் தவறும்.

எங்கள் முதலாளி நஸீர் நானா இலங்கையில் கல்முனைக்காரர்; அந்தப் பக்கத்து முஸ்லிம்கள் அண்ணனை நானா என்பார்கள். சிட்னிப் புறநகர் கிரவீனில் தன் வீட்டுக்குப் பின்னாலுள்ள கராஜில் ஸ்பீக்கர், திரை, புரொஜெக்டர் எல்லாம் வைத்து வாடகைக்கு விடுவார். கல்யாணம், கோயில் விழா, பள்ளிக்கூடக் கூட்டம் என்று எல்லா இடத்துக்கும் நாங்கள் போவோம். நான் சாமான் ஏற்றி இறக்குபவன். வருடத்துக்கு ஒருமுறை ஜப்பானியப் பட வாரத்துக்கும் போவோம். அதை நடத்தியவர் ஹெலன் என்ற அம்மா. சிட்னியில் ஒரு வாரம், அடுத்த வாரம் மெல்பேர்ன்.

2010 இல் பட்டனை அமுக்க வரவேண்டிய மாணவி வரவில்லை. படம் தொடங்கப் பத்து நிமிடம் இருந்தது. நஸீர் நானா மண்டபம் முழுக்கப் பார்த்துவிட்டு என்னிடம் வந்து, லப்டொப்பின் முன்னால் காலியாக இருந்த கதிரையைக் காட்டினார்.

“சிவராசா, நீங்க இரிங்க.”

“நானா, எனக்கு இங்கிலீஷ் வாசிக்கத் தெரியாதே.”

“வாசிக்கச் சொன்னனா நான்? அட்டை வந்தா அமுக்குங்க. எண்ணத் தெரியும்தானே?”

எண்ணத் தெரியும். ஊரில், பரந்தனில் ஓர் அரிசி ஆலையில் பத்து வருடம் லொறியில் ஏறும் மூட்டைகளை எண்ணியவன் நான். எண்ணுகிறவன் பேசக்கூடாது, பக்கத்தில் பார்க்கக்கூடாது. பேசக் கூச்சப்படுகிற எனக்கு அது வாய்ப்பான வேலை. அன்றும் அப்படியே எண்ணினேன். அட்டை நூற்றுப் பதினெட்டு, அமுக்கு நூற்றுப் பதினெட்டு. படம் முடிந்ததும் ஹெலன் என்னைப் பார்த்துப் பெருவிரலை உயர்த்திக் காட்டினார். வாழ்க்கையில் எனக்கு அப்படி ஒருவரும் காட்டியதில்லை.

அன்றிலிருந்து அந்தக் கதிரை என்னுடையது என்று நினைத்துக்கொண்டேன். ஒரு கொப்பி வாங்கினேன். ஒவ்வொரு படத்தையும் வீட்டில் டிவிடியில் பார்த்து, எந்தக் காட்சிக்குப் பிறகு அட்டை வருகிறது என்று அதில் படமாகவே கீறுவேன். கோப்பை, தொப்பி, செருப்பு, கதவு. கையால் அமுக்கி எண்ணுகிற சின்னக் கருவி ஒன்றும் என் சட்டைப் பையில் இருக்கும். கல்யாண மண்டப வாசலில் ஆட்களை எண்ண வாங்கியது.

2. சரவணன்

அடுத்த வருடம் சரவணன் வந்து சேர்ந்தார். திருநெல்வேலிக்காரர், முப்பத்தொரு வயது. பரமட்டாவில் ஒரு அலுவலகத்தில் கம்ப்யூட்டர் வேலை. பழைய படங்களில் பைத்தியம். ஒரு விழாவில் எங்கள் லப்டொப் நின்றுபோனபோது பார்வையாளர் வரிசையிலிருந்து எழுந்து வந்து சரிசெய்தார். அதன்பின் சனி ஞாயிறுகளில் தானாகவே கராஜுக்கு வரத் தொடங்கினார்.

“நஸீர் பாய், இந்த சாஃப்ட்வேர் ரொம்பப் பழசு. நான் மாத்தித் தர்றேன்.”

“மாத்துங்க, மாத்துங்க. ஆனா என்னைப் பாய் எண்டு கூப்பிடாதீங்க. எங்கட ஊர்ல பாய் எண்டா விரிச்சிப் படுக்கிறது.”

“அப்போ எப்படிக் கூப்பிடறது?”

“நானா எண்டு கூப்பிடுங்க. அந்தா, சிவராசாவைப் பாத்துப் பழகுங்க.”

அவர் என்னைப் பார்த்துச் சிரித்தார். நான் கேபிளைச் சுருட்டிக்கொண்டிருந்தேன்.

அவரிடம் ஒரு குறையும் சொல்ல முடியாது. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. ஹெலன் என்னிடம் பெருவிரல் மட்டும்தான் காட்டினார். சரவணனோடு உட்கார்ந்து கோப்பி குடித்தார், கையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். லப்டொப்பில் வேலை செய்ய என் கதிரையில் உட்காரும்போது, கீழேயுள்ள பிடியை இழுத்து அவர் அதை உயர்த்துவார். ஆள் நெட்டை. எழும்பிப் போகும்போது உயரத்திலேயே விட்டுவிட்டுப் போவார். அடுத்து நான் உட்கார்ந்தால் என் கால் தொங்கும். ஒவ்வொரு முறையும் நான் இறக்கிவைப்பேன். ஒவ்வொரு முறையும் அவர் உயர்த்துவார். நான் எண்ணினேன், பதினேழு தடவை.

ஒருநாள் நஸீர் நானாவின் மனைவி எல்லாருக்கும் புரியாணி கொடுத்துவிட்டார். என் தட்டில் அரை முட்டை. சரவணனின் தட்டில் முழு முட்டை. அதையும் எண்ணினேன். எழுதவே வெட்கமாக இருக்கிறது. ஆனால் இந்தக் கதை அந்த முட்டையில்தான் தொடங்குகிறது என்று எனக்குத் தெரியும்.

3. விசில்

அந்த வருடம் சிட்னியில் கடைசி ஞாயிற்றுக்கிழமை மத்தியானக் காட்சிக்கு ஒரு கள்ளர் கூட்டத்துப் படம் என்று ஹெலன் சொன்னார். வாரத்தின் பெரிய படம் அதுதான். பியானோ வாசிக்க ஒருவரைக் கூப்பிட்டிருந்தார்கள். டிவிடி ஒரு மாதம் முன்பே வந்தது.

கராஜில் வைத்து நானும் சரவணனும் அதைப் பார்த்தோம். இங்கிலீஷ் வரிகளை எனக்குத் தமிழில் சொன்னவர் அவர்தான். அதுவரை நான் போட்ட ஒரு படத்திலும் யார் என்ன சொல்கிறார்கள் என்று எனக்குத் தெரியாது. அட்டை வந்தால் அமுக்குவேன், அவ்வளவுதான்.

கதை இது. துறைமுகத்தில் ஒரு கள்ளர் கூட்டம். அதில் தொப்பிக்காரன் ஒருவன் காவல் நிற்பவன். மற்றவர்கள் உள்ளே போனதும் இவன் சந்தில் நின்று பார்ப்பான். பொலிஸ் வந்தால் இரண்டு விரலை வாயில் வைத்து விசில் அடிப்பான். பன்னிரண்டு வருடம் அதே வேலை. பிறகு கூட்டத்துக்குப் புதிதாக ஒருவன் வருகிறான். கழுத்தில் வெள்ளைச் சால்வை. எந்த இரும்புப் பெட்டியையும் காதை வைத்துக் கேட்டே திறந்துவிடுவான். தலைவன் அவனைத் தன் பக்கத்தில் இருத்துகிறான். சந்தி மூலையில் சிகரெட் விற்கும் பெண் அவனைப் பார்த்துச் சிரிக்கிறாள். ஒருநாள் விடியற்காலைப் பனிப்புகாரில் சால்வைக்காரன் உள்ளே பெட்டியைத் திறந்துகொண்டிருக்கிறான். பொலிஸ் வருவதைத் தொப்பிக்காரன் காண்கிறான். இரண்டு விரலையும் வாயில் வைக்கிறான். ஆனால் ஊதவில்லை. விரலை எடுத்துப் பைக்குள் விட்டுக்கொள்கிறான்.

“துரோகி,” என்றார் சரவணன்.

 எனக்கும் அவனைப் பிடிக்கவில்லைதான். ஆனால் அவன் ஏன் ஊதவில்லை என்று எனக்கு விளங்கியது.

பொலிஸ் சுட்ட குண்டு கையில் பட்டுச் சால்வைக்காரன் தப்பி ஓடுகிறான். நாலாவது ரீலில் சிகரெட் பெண் தொப்பிக்காரனின் அறைக்கு வந்து, “அவன் சாகவில்லை. உன்னைத் தேடி வருகிறான்” என்கிறாள். தொப்பிக்காரன் நடுங்குகிறான். கதவு திறக்கிறது. இரத்தம் வழிய நிற்கும் சால்வைக்காரன் சொல்லும் வரியைச் சரவணன் தன் ஊர்ப் பேச்சில் எனக்குச் சொன்னார்:

“நீ விசில் அடிச்சிருப்ப. எனக்குத்தான் கேக்கல.”

அதற்குத் தொப்பிக்காரன், “கையைக் காட்டு” என்று மட்டும் சொல்லி, துணியைக் கிழித்துக் கட்டுகிறான். “இந்தக் கையால் இனிப் பெட்டி திறக்க முடியாது” என்கிறான் மற்றவன். தொப்பிக்காரன் எழுந்து வெளியே போகிறான். நடுத்தெருவில் நின்று இரண்டு விரலை வாயில் வைத்து, இந்த முறை ஊதுகிறான். பொலிஸ் ஓடிவந்து அவனைப் பிடிக்கிறது. படம் முடிந்தது.

சரவணன் கண்ணைத் துடைத்தார். நான் கொப்பியில் இரண்டு விரல் கீறினேன். டிவிடியில் அட்டைகள் மொத்தம் நூற்று நாற்பத்துமூன்று.

4. நூற்று நாற்பத்திரண்டு

விழாவுக்கு ஒரு வாரம் முன்பு நஸீர் நானா என்னைக் கூப்பிட்டார்.

“சிவராசா, கோபிக்காதீங்க. இந்தப் படத்துக்கு சரவணன் இரிக்கட்டும். ஹெலன் கேக்கிறா. படம் தொடங்க முதல் அவரைக் கொண்டு ரெண்டு வார்த்தை பேசவும் வைக்கப் போறாவாம். உங்களால மைக்கில பேச ஏலுமா?”

“ஏலாது, நானா.”

“அதான். மத்தப் படமெல்லாம் நீங்கதானே. கொப்பியை அவர்ட்டக் குடுங்க.”

மற்றப் படமெல்லாம் நான்தான். ஆனால் இந்தப் படம் என்னுடையது என்று நான் நினைத்திருந்தேன். 

டிவிடி வேறு, பிரிண்ட் வேறு. காட்டப்போவது ஜப்பானிலிருந்து டின்களில் வந்த பிலிம் பிரிண்ட். செவ்வாய்க்கிழமை மத்தியானம் விழா நடக்கும் பரமட்டா மண்டபத்தில் அதை ஒருமுறை ஓட்டிப் பார்த்தார்கள். சரவணனுக்கு அலுவலகம். நான்தான் போனேன். வழக்கப்படி எண்ணும் கருவி கையில்.

படம் முடிந்தபோது கருவி நூற்று நாற்பத்திரண்டு காட்டியது.

மூட்டை எண்ணியவனுக்கு ஒன்று குறைந்தால் நெஞ்சு இடிக்கும். நாலாவது ரீலில் படம் ஓரிடத்தில் துள்ளியது ஞாபகம் வந்தது. மெஷின் ஓட்டுபவரிடம் கையால் சைகை காட்டி நாலாவது ரீலை மறுபடி ஓட்டுவித்தேன். அங்கே பிடித்தேன். சிகரெட் பெண் வாயை அசைக்கிறாள், படம் ஒரு துள்ளுத் துள்ளுகிறது, உடனே தொப்பிக்காரனின் முகம். நடுவில் அட்டை இல்லை. எப்போதோ பிலிம் அறுந்து, யாரோ வெட்டி ஒட்டியிருக்கிறார்கள். அதில் அந்த அட்டை போய்விட்டது. லப்டொப்பில் வரி நூற்று நாற்பத்துமூன்று, பிரிண்டில் அட்டை நூற்று நாற்பத்திரண்டு. இதை அறியாமல் அமுக்கினால் அந்த இடத்திலிருந்து ஒவ்வொரு வரியும் அடுத்த ஆளின் வாய்க்குப் போய்விடும்.

கொப்பியைத் திறந்தேன். குறிக்கப் பென்சிலையும் எடுத்தேன். பிறகு மூடிவிட்டேன்.

5. ‘ஓம்’

வெள்ளிக்கிழமை பின்னேரம் கராஜில் கொப்பியைச் சரவணனிடம் கொடுத்தேன். அவர் ஒவ்வொரு தாளாகப் புரட்டினார்.

“அண்ணே, என்ன அண்ணே இது, ஒரு எழுத்துகூட இல்ல! செருப்பு, கோப்பை, மீன்… இதென்ன, கத்தரிக்காயா?”

“அது துவக்கு.”

“துப்பாக்கியா! நல்லவேளை கேட்டேன்.” விழுந்து விழுந்து சிரித்தார். “ஆனா பிரமாதம் அண்ணே. இத வச்சு கண்ண மூடிட்டு அமுக்கலாம்.”

அவர் கேலி செய்யவில்லை என்று இப்போது தெரியும். அன்று அப்படித் தெரியவில்லை.

“செவ்வாக்கிழமை பிரிண்ட ஓட்டிப் பாத்தீங்களாமே. எல்லாம் சரியா இருக்குல்ல?”

“ஓம்,” என்றேன்.

நான் செய்தது இவ்வளவுதான். வேறு ஒரு பொய்யும் சொல்லவில்லை, ஒன்றையும் உடைக்கவில்லை. ஒரு சொல்.

6. ஞாயிற்றுக்கிழமை

மண்டபம் நிறைந்திருந்தது. சரவணன் வெள்ளைச் சட்டை போட்டு வந்திருந்தார். மைக்கில் இங்கிலீஷில் பேசினார். சனம் இரண்டு இடத்தில் சிரித்தது, கடைசியில் கை தட்டியது. பிறகு போய்க் கதிரையில் உட்கார்ந்து பிடியை இழுத்து உயர்த்தினார்.

நான் பின் கதவருகில் நின்றேன். பிந்தி வருகிறவர்களுக்குக் கதவைச் சத்தமில்லாமல் திறந்துவிடுவது என் வேலை. மூன்று ரீலும் ஒரு பிழையில்லாமல் போயின. நாலாவது தொடங்கியது.  அங்கிருந்து சரவணனின் கதிரைக்குப் பன்னிரண்டு எட்டு நடை. போய்க் காதில் ஒரு சொல் சொன்னால் போதும். நான் கதவின் பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

படம் துள்ளியது. சால்வைக்காரன் இரத்தத்தோடு வாசலில் வந்து நின்றான். அட்டை வந்தது. சரவணன் அமுக்கினார். பலகையில் சிகரெட் பெண்ணின் வரி விழுந்தது: “அவன் சாகவில்லை. உன்னைத் தேடி வருகிறான்.” வந்து நிற்பவனே அதைச் சொன்னான். சனம் அசைந்தது.

அடுத்த அட்டை. காட்டிக்கொடுத்த தொப்பிக்காரன், காட்டிக்கொடுக்கப்பட்டவனைப் பார்த்துச் சொன்னான்: “நீ விசில் அடித்திருப்பாய். எனக்குத்தான் கேட்கவில்லை.” ஒருவர் சிரித்தார்.

அடுத்தது. கையில் குண்டு பட்டவன் மற்றவனிடம், “கையைக் காட்டு” என்றான். இப்போது மண்டபம் முழுக்கச் சிரித்தது.

சரவணனின் முதுகு விறைத்தது தெரிந்தது. எங்கோ பின்தங்கிவிட்டோம் என்று நினைத்து அவர் தொடர்ந்து இரண்டு தரம் அமுக்கினார். தொப்பிக்காரன் இன்னும் தெருவுக்கு இறங்கவில்லை, கீழே “முற்றும்” என்று விழுந்தது. அவன் நடந்து, நடுத்தெருவுக்கு வந்து, விரலை வாயில் வைத்து ஊதும்வரை அந்த “முற்றும்” அங்கேயே நின்றது. அந்த இடத்தில் பியானோக்காரர் கையை எடுத்துவிட்டு மௌனமாக இருக்க வேண்டும் என்று பேசி வைத்திருந்தார்கள். மௌனத்துக்குப் பதிலாகச் சனத்தின் சிரிப்புத்தான் கேட்டது.

ஒரு நொடி எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இதை மறைத்து எழுதினால் இந்தக் குறிப்பை எழுதிப் பிரயோசனமில்லை. ஒரு நொடிதான். பிறகு ஹெலனைப் பார்த்தேன். அந்த அம்மா வாயைப் பொத்திக்கொண்டு நின்றார், சிரிக்கவில்லை.

சாமான்களை வேனில் ஏற்றும்போது நஸீர் நானா வெடித்தார்.

“ரெண்டு டிகிரி படிச்சி என்னத்துக்கு? அஞ்சாம் வகுப்பு படிச்ச மனிசன் ஒரு வருசமா ஒரு பிழை விட்டயில்ல. அந்தப் பொம்புளைக்கு நான் என்ன மூஞ்சோட போன் எடுக்கிற? பிரிண்ட்ல ஏதாச்சும் இரிந்தா சிவராசா சொல்லியிருப்பாரே!”

சரவணன் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். பிறகு சொன்னார்:

“அண்ணன் சொல்லியிருப்பாரு, நானா. நான்தான் கவனிக்கல.”

என் கையிலிருந்த ஸ்டாண்ட் நழுவிக் காலில் விழுந்தது. நோகவில்லை. அவர் அந்த வரியைத் தெரிந்து சொன்னாரா, அறியாமல் சொன்னாரா என்று அன்றும் தெரியவில்லை, இன்றும் தெரியாது. நான் கேட்டதில்லை.

“மெல்பேர்ன்ல நீங்க இரிங்க,” என்றார் நானா என்னிடம். “கதிரை உங்களுக்குத்தான்.”

நான் தலையாட்டினேன்.

7. கொப்பி திரும்பி வந்தது

கதிரை கிடைத்துவிட்டது. நான்கு நாள் அதை நினைத்துப் பார்த்தேன். பார்க்கும்போதெல்லாம் கால் தொங்குகிற மாதிரி இருந்தது.

வெள்ளிக்கிழமை காலை மெல்பேர்ன் பயணத்துக்கு வேனில் சாமான் ஏற்றிக்கொண்டிருந்தோம். சரவணன் லீவு எடுத்திருந்தார். கதிரை இல்லையென்றாலும் சாமான் தூக்க வருகிறேன் என்றார். பையிலிருந்து என் கொப்பியை எடுத்து நீட்டினார்.

“அண்ணே, ஒண்ணு பண்ணியிருக்கேன். கோச்சுக்காதீங்க.”

திறந்து பார்த்தேன். நான் கீறிய ஒவ்வொரு படத்துக்கும் பக்கத்தில், யார் என்ன சொல்கிறார் என்று தமிழில் எழுதியிருந்தார். எனக்கு வாசிக்க லேசாக இருக்கட்டும் என்று எழுத்துகள் பெரிது பெரிதாக. கோப்பை, தொப்பி, செருப்பு, எல்லாவற்றுக்கும். நூற்று நாற்பத்துமூன்றுக்கும்.

“சிட்னி ஷோவுக்கு முன்னாடியே எழுத ஆரம்பிச்சேன். யாரு பேசுறான்னு தெரிஞ்சு அமுக்கினா உங்களுக்கும் நல்லா இருக்கும்ல.”

நாலாவது ரீலின் பக்கத்தில், சிகரெட் பெண்ணுக்கு நேரே, சிவப்புப் பேனாவால் கட்டம் போட்டு எழுதியிருந்தது: “கவனம். இந்த இடத்துல ஏதோ குழப்பம் இருக்கு. எனக்குக் கண்டுபிடிக்க முடியல. நீங்க பாத்துக்குங்க அண்ணே.”

நான் அவருக்கு எழுதிக் கொடுத்திருக்க வேண்டியதை, ஒன்றும் தெரியாத அவர் எனக்கு எழுதிக் கொடுத்திருந்தார்.

நஸீர் நானா வேனின் பின்கதவைச் சாத்த வந்தார்.

“நானா, நில்லுங்கோ,” என்றேன். அவருக்குக் கேட்கவில்லை. மறுபடி சொன்னேன். “அந்தப் பிரிண்டில ஒரு அட்டை இல்லை. செவ்வாய்க்கிழமையே எண்ணினனான். எனக்குத் தெரியும்.”

“தெரியுமெண்டா? அப்ப சொல்லயில்லயா?”

“சொல்லேல்லை.”

“மறந்துட்டீங்களா?”

மறந்துவிட்டேன் என்று சொல்ல நல்ல வாய்ப்பு அது. நானா அதைக் கையில் தந்தார்.

“மறக்கேல்லை, நானா. வேணுமெண்டுதான்.”

 பக்கத்து வீட்டில் புல்லு வெட்டுகிற மெஷின் சத்தம் கேட்டது. சரவணனின் முகம் சிவந்தது.

“நான் கேட்டேனே அண்ணே. எல்லாம் சரியான்னு கேட்டேன். ஓம்னீங்க.”

“ஓம்.”

“ஏன்?”

“என்ரை கதிரை,” என்றேன்.  முட்டையைப் பற்றியும் ஹெலனின் சிரிப்பைப் பற்றியும் எப்படிச் சொல்வது?

“உங்க கதிரைய நான் கேட்டேனா? கூப்பிட்டாங்க, உக்காந்தேன். எங்க ஆபீஸ்லேர்ந்து ஆறு பேரு வந்திருந்தாங்க அண்ணே, என்னப் பாக்கறதுக்குன்னே. இன்னும் சிரிக்கிறாங்க. திங்கக்கிழமையிலேர்ந்து யாரு என்ன கேட்டாலும் ‘கையைக் காட்டு’ன்னு சொல்லிட்டு ஓடுறாங்க.”

 நானா பெருமூச்சு விட்டார்.

“ஹெலனுக்கு நான் சொல்றன், பிரிண்ட்ல பிழை எண்டு. அது பொய்யில்லதானே. சரவணன், நீங்கதான் இரிக்கணும் நாளைக்கி. சிவராசா கதவுல நிக்கட்டும்.”

சரவணன் லப்டொப்பைத் திறந்தார். அந்த ஒரு வரியைத் தேடிப் பிடித்து அழித்தார். இரண்டு விநாடி வேலை. இரண்டு விநாடி.

8. டண்டினொங்

சிட்னியிலிருந்து மெல்பேர்ன் வரை சரவணன் என்னோடு ஒரு வார்த்தை பேசவில்லை. வழியில் நின்றபோது இரண்டு தேத்தண்ணி மட்டும் வாங்கி வந்தார், தனக்கொன்று, நானாவுக்கொன்று. நானாதான் கடைசியில் பொறுக்கமுடியாமல் சொன்னார்: “யா அல்லாஹ், மையத்து கிடக்கிற வீட்டிலகூட நாலு பேர் கதைப்பாங்க. இந்த வேன்ல அதுவுமில்ல.”

மெல்பேர்னின் டண்டினொங்கில் ஒரு மண்டபம். சனிக்கிழமை மத்தியானம். படம் தொடங்க முன்பு சரவணன் என் கொப்பியோடு வந்து முதற் பக்கத்தைத் திறந்தார். அதில் “இந்தப் பிரிண்டில் இல்லாதது: ரீல் நான்கு, ஓர் அட்டை” என்று எழுதியிருந்தது. பேனாவை நீட்டினார்.

“கையெழுத்துப் போடுங்க.”

போட்டேன். அவரும் கீழே போட்டார். அதன்பின் போய்க் கதிரையை உயர்த்தி உட்கார்ந்தார்.

நான் பின் கதவில் நின்றேன். நாலாவது ரீல் வந்தது. படம் துள்ளியது. கதவு திறந்தது. “நீ விசில் அடித்திருப்பாய். எனக்குத்தான் கேட்கவில்லை.” வரி சரியான வாயில் விழுந்தது. சனம் மூச்சுக் காட்டவில்லை. தொப்பிக்காரன் தெருவில் நின்று விரலை வாயில் வைத்தான். பியானோக்காரர் கையை எடுத்தார். மண்டபத்தில் அப்படி ஒரு மௌனம். அந்த விசில் எனக்குக் கேட்டது.

விளக்குப் போட்டதும் எல்லாரும் எழுந்து கை தட்டினார்கள். ஹெலன் ஓடிப்போய்ச் சரவணனின் கையைப் பிடித்துக் குலுக்கினார். எனக்கு வயிறு எரிந்தது. எல்லாவற்றையும் ஒப்புக்கொண்ட பிறகும் எரிந்தது. பொறாமை மன்னிப்புக் கேட்டதும் போய்விடுகிற சாமான் இல்லை.

அடுத்த நாள் ஞாயிறு, வேறொரு படம். ஒரு குடும்பக் கதை, அட்டை தொண்ணூற்றாறு. நானா என்னைப் பார்த்து, “நீங்க இரிங்க” என்றார். சரவணன் மேசைக்குப் பக்கத்தில் கேபிளைக் குத்திக்கொண்டிருந்தார், நிமிர்ந்து பார்க்கவில்லை. நான் வழக்கம்போலக் கதிரையை இறக்கக் குனிந்து பிடியைத் தொட்டேன்.

கதிரை ஏற்கெனவே இறக்கி வைத்திருந்தது. என் கால் நிலத்தில் பட்டது.

இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். உங்கள் குறிப்பை இன்னொருவரிடம் கொடுக்கும்போது, உங்களுக்குத் தெரிந்த பிழையை முதற் பக்கத்தில் எழுதுங்கள். பிழை இல்லையென்றால் இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். வாங்குகிறவரை உங்களுக்குப் பிடிக்காவிட்டால் இரண்டு தரம் எண்ணுங்கள். அந்த வருடத்துக்குப் பிறகு எங்கள் கராஜில் எந்தக் கொப்பியும் முதற் பக்கக் கையெழுத்து இல்லாமல் கைமாறியதில்லை. வாயால் “ஓம்” சொல்வது லேசு. ஐந்தாம் வகுப்புப் படித்தவனுக்குத் தன் பெயரை எழுத நேரம் எடுக்கும். அந்த நேரத்துக்குள் புத்தி வந்துவிடும்.